மேற்கோளும் கடாரமும்

எழுத்தில் பிறர் கூற்றை எடுத்தாள்வது மூவகைப்படும். கருத்தை மட்டும் தன் மொழியில் தருவது ஒன்று. ஓரிரு சொற்களைத் தன் வாக்கியத்தோடு பிணைத்துக்கொள்வது மற்றொன்று. முழுக்கூற்றையும் உரைநடை ஓட்டத்தினின்று பிரித்து, இருபுறமும் இடம் விட்டுத் தனியே நிறுத்துவது மூன்றாவது. இவற்றுள் இறுதியாகக் கூறியதே கண்ணில் முதலில் படுவது. பக்கத்தைப் புரட்டுவோர் கட்டுரையைப் படிக்குமுன் அதனைப் படித்துவிடுகின்றனர். அத்துணை ஆற்றல் உடையதாதலின், அதனைக் கையாள்வோர்க்குப் பொறுப்பும் மிகுதி.

கெடா மாநிலத்தில் சுங்கைப்பட்டாணியிலோ, கூலிமிலோ, பாடாங் செராயிலோ பயிலும் தமிழ்ப்பள்ளி மாணவர், 'செய்யுளும் மொழியணியும்' என்னும் பகுதியில் குறளையும் கொன்றைவேந்தனையும் பழமொழியையும் மரபுத்தொடரையும் இளமையிலேயே மனனம் செய்கின்றனர். கடல் கடந்த மண்ணில் இது பெரும் பேறு. ஆயினும், கட்டுரை எழுதப் புகும்போது அச்செல்வம் வாயிலில் கட்டிய தோரணமாக மட்டும் நின்றுவிடுகிறது. முகப்பில் ஒரு குறள். முடிவில் ஒரு பொன்மொழி. இடையிலுள்ள கருத்துக்கும் அவற்றுக்கும் உறவில்லை. இதனை அறிய எளிய சோதனை ஒன்று உண்டு. மேற்கோளை நீக்கிப் படித்தால் கட்டுரை எவ்வகையிலும் குறைவுபடாதாயின், அம்மேற்கோள் அங்கே பணியின்றி நின்றது என்பது தெளிவு.

தமிழ் மரபில் மேற்கோள் அணிகலனாக மட்டும் இருந்ததில்லை. ஓலைச்சுவடியில் இரட்டை மேற்கோள் குறி கிடையாது. அது அச்சு நூலோடு வந்தது. அதற்கு முன் 'என', 'என்ப', 'என்மனார்' என்னும் சொற்களே அப்பணியைச் செய்தன. மணிமேகலையின் சிறைசெய் காதையில் சாத்தனார் ஐம்பத்தைந்தாம் குறளை எடுத்தாளும் இடம் இதற்குத் தலையாய சான்று. மருதி என்பாள் தன் கற்பின் நிலை குறித்துச் சதுக்கப் பூதத்திடம் முறையிடுகிறாள். பூதம் அக்குறளைக் காட்டி, அதன் பொருளை அவள் தேறவில்லை என்று இடித்துரைக்கிறது. வள்ளுவர் பெயர் அங்கே இல்லை. பொய்யில்லாத புலவர் என்னும் அடைமொழியே உண்டு. குறளை நீக்கினால் பூதத்தின் தீர்ப்புக்குக் காரணமே இல்லாமற்போகும். கூற்று, கூறியவரின் தகுதி, கேட்பவர்க்கு அது பொருந்துமாறு ஆகிய மூன்றும் அங்கே ஒருங்கே அமைந்துள்ளன. மேற்கோளுக்கு இதனினும் சிறந்த இலக்கணம் வேண்டுவதில்லை.

உரையாசிரியர்கள் இம்மரபை வளர்த்தனர். அவர்கள் விதியைக் காட்டுவதற்காக எடுத்த பாடல்கள், மூலநூல்கள் மறைந்த பின்னும் எஞ்சி நின்றன. தகடூர் யாத்திரை முழுமையாகக் கிடைக்கவில்லை. உரைகளிலும் தொகை நூலாகிய புறத்திரட்டிலும் இடம்பெற்ற பாடல்களே அதனை இன்று அறியச் செய்கின்றன. முத்தொள்ளாயிரத்துள் நூற்றுக்குச் சற்று மேற்பட்ட பாடல்களைக் காத்ததும் அப்புறத்திரட்டே. தனியே எடுத்து நிறுத்துதல் ஒரு நூலுக்கு உயிர்ப்பிச்சையும் ஆகலாம் என்பது இதனால் விளங்கும்.

கெடாவைப் பற்றி எழுதுவோர் அடிக்கடி எடுத்தாளும் சான்று பட்டினப்பாலையில் உள்ளது. காவிரிப்பூம்பட்டினத்துக் கடைத்தெருவில் குவிந்த பண்டங்களை அடுக்கும் கடியலூர் உருத்திரங்கண்ணனார், 'காழகம்' என்னும் இடத்துப் பொருளையும் குறிக்கிறார். அச்சொல்லுக்குக் கடாரம் என்று பொருள் எழுதியவர் நச்சினார்க்கினியர். பாட்டுக்கும் உரைக்கும் இடையே ஆயிரம் ஆண்டுக்கு மேற்பட்ட தொலைவு உண்டு. காழகம் எது என்பதில் ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடும் உண்டு. எனினும், 'பட்டினப்பாலை கடாரத்தைப் பாடுகிறது' என்றே மலர்களிலும் மேடைகளிலும் கூறப்படுகிறது. புலவர் சொன்னது ஒன்று; உரையாசிரியர் கண்டது ஒன்று. இரண்டையும் ஒன்றாக்குவது இருவர்க்கும் இழைக்கும் பிழை. 'பாட்டிலுள்ள காழகத்தை உரையாசிரியர் கடாரம் என்பர்' என்று எழுதுவதால் கெடாவின் பெருமை சிறிதும் குறையாது. எழுதுவோரின் நேர்மை வெளிப்படும். மேற்கோளின் எல்லை எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்பதைக் காட்டவே குறிகளும் இடைவெளியும் அமைந்தன.

எதனைத் தனித்து நிறுத்துவது என்னும் தேர்விலும் ஒரு நிலைப்பாடு அடங்கியுள்ளது. முதலாம் இராசேந்திரனின் மெய்க்கீர்த்தி 1025-ஆம் ஆண்டுப் படையெடுப்பில் கடாரம் வெல்லப்பட்டதைப் பெருமிதத்தோடு கூறுகிறது. அவன் தந்தை இராசராசன் காலத்து ஆனைமங்கலக் கொடையோ, கடாரத்து மன்னன் நாகப்பட்டினத்தில் எடுத்த புத்த விகாரத்திற்கு ஊர் வழங்கியதைக் கூறுகிறது. முன்னதை மட்டும் எடுத்து நிறுத்தும் கட்டுரை, தமிழர் இம்மண்ணுக்கு வாளோடு வந்ததை மட்டுமே காட்டும். பின்னதையும் அருகில் வைக்கும் கட்டுரை உறவையும் காட்டும். பூசாங் பள்ளத்தாக்கின் சிதைவுகளைக் காணச் செல்லும் மாணவர்க்கு இரண்டும் தேவை. ஒன்றைக் காட்டி ஒன்றை மறைப்பது, சான்றுகள் மெய்யாயினும், பொய்ச்சாட்சிக்கு அண்மையில் நிற்பதாகும்.

கல்லிலும் செப்பேட்டிலும் ஏறாத உரைகளும் கெடாவில் உண்டு. பீடோங், லூனாஸ் வட்டாரத் தோட்டங்களில் விடியுமுன் பிரட்டுக்கு நின்று, காண்டா வாளி சுமந்து, மங்கில் வடிந்த பாலைச் சேர்த்து, ஒட்டுப்பாலையும் சுரண்டி வாழ்ந்த தலைமுறை, தன் பட்டறிவைச் சொலவடையாகவும் தாலாட்டாகவும் ஒப்பாரியாகவும் சொல்லிச் சென்றது. தோட்டங்கள் பல துண்டாடப்பட்டும் விற்கப்பட்டும் குடியிருப்புகளாயின. மக்கள் நகரங்களுக்குப் பெயர்ந்தனர். 'மங்கு' என்பது மலாய்மொழி தந்த சொல் என்பதும், அது எதனைக் குறித்தது என்பதும் நகரத்துப் பிள்ளைகளுக்கு விளக்கவேண்டிய செய்திகளாகிவிட்டன. இச்சொற்களுக்குப் புறத்திரட்டு ஒன்று இன்னும் தேவைப்படுகிறது.

ஆகவே தமிழாசிரியர் மாணவர்க்கு இருவகைப் பயிற்சி அளித்தல் நலம். முதலாவது, மனனம் செய்த குறளைக் கட்டுரையின் முகப்பில் ஒட்டாமல், வாதம் அதனை நாடும் இடத்தில் நிறுத்துதல்; சொன்னவர் யார், அது இவ்விடத்துக்கு எவ்வாறு பொருந்தும் என்பதைத் தம் சொற்களால் விளக்குதல். ஒரு பக்கத்தில் நான்கு மேற்கோள் நின்றால் எதுவும் மனத்தில் நிற்காது. ஒன்று நின்றால் அது நிலைக்கும். இரண்டாவது, தம் வீட்டு முதியோர் கூறிய ஒரு சொலவடையைக் கேட்டு, திருத்தாமல், அழகுபடுத்தாமல், கூறியவாறே தனி வரியில் எழுதி, அது பிறந்த சூழலைக் கீழே குறித்தல். பேச்சு வழக்காயிற்றே என்று தயங்கவேண்டியதில்லை. சான்றாக நிற்கும் கூற்று தன் வடிவத்தோடு நிற்பதே முறை.

நச்சினார்க்கினியர் ஒரு சொல்லுக்கு எழுதிய பொருளால் கடாரம் பட்டினப்பாலையோடு சேர்த்துப் பேசப்படுகிறது. ஒருவர் கவனத்தோடு குறித்து வைத்தது பல நூற்றாண்டுக்குப் பின் ஓர் ஊரின் அடையாளமாகும் என்பதற்கு இதுவே சான்று. தோட்டத்து முதியோர் கூற்றைத் தனித்து நிறுத்தும் மாணவரின் வரியும் அத்தகைய பணியைச் செய்யக்கூடும். குறித்து வைப்பதற்கு அவர்கள் இருக்கும் காலமே ஏற்ற காலம்.