மூடிய அறையின் ஒளி: ஒளிப்பதிவாளர் சுங் சுங்-ஹூன்

கொரிய ஒளிப்பதிவாளர் சுங் சுங்-ஹூனைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் அவரது பணியை ஓர் ஏறுமுக வரலாறாகவே காட்டுவர். கொரியாவிலே தொடங்கியவர் ஹொலிவூட்டை அடைந்தார். சிறிய படங்களினின்று பெரும் பொருட்செலவுப் படங்களுக்கு உயர்ந்தார் என்பது அவ்வரலாற்றின் சாரம். முதலீட்டின் அளவினால் கலைஞனின் வளர்ச்சியை அளக்கும் இந்நோக்கு வர்த்தக சினிமாவுக்கே உரியது. படங்களை ஊன்றிப் பார்ப்போருக்கு வேறொரு வரலாறு புலனாகும்.

1970 இல் பிறந்த சுங், நெறியாளர் பார்க் சான்-வூக்குடன் இணைந்து உருவாக்கிய 'ஓல்ட்போய்' (2003) மூலமே உலகறியப் பெற்றார். அப்படம் 2004 ஆம் ஆண்டு கான் விழாவில் கிராண்ட் பிறி பரிசினைப் பெற்றது. 15 ஆண்டுகள் காரணம் அறியாது அடைத்து வைக்கப்பட்ட ஒருவன், கையிற் சுத்தியலுடன், ஒடுங்கிய நடைவழியொன்றிலே ஒரு கும்பலுடன் மோதுங் காட்சி பலராலும் வியந்து பேசப்படுவது. 3 நாட்களில் 17 தடவை அது எடுக்கப்பட்டதாகக் கூறுவர். ஆயினும் அதன் சிறப்பு உழைப்பின் கணக்கில் இல்லை. கமரா நடைவழிக்குப் பக்கவாட்டில் நின்று, இடையில் வெட்டப்படாமல், அவனுடன் மெல்ல நகர்கிறது. நெருங்கிச் சென்று குத்துகளைக் காட்ட அது முனைவதில்லை. எனவே அடியின் வேகத்திலும் பார்க்க அடிப்போரின் களைப்பே கண்ணிற் படுகிறது. விழுகிறார்கள், மூச்சு வாங்குகிறார்கள், மீண்டும் எழுகிறார்கள். வெளியே வந்தவன் இன்னொரு சிறையிலேதான் நிற்கிறான் என்பதை வசனமின்றியே அச்சட்டகம் உணர்த்திவிடுகிறது.

அடைபட்ட இடமே சுங்கின் களம் எனலாம். 1930களின் கொரியாவில், யப்பானிய ஆட்சியின் கீழ் நிகழும் 'த ஹான்ட்மெய்டன்' (2016) இதற்குச் சிறந்த சான்று. பாதி ஆங்கிலேய, பாதி யப்பானியப் பாணியில் அமைந்த ஒரு மாளிகை. அதனுள் ஏமாற்றும் பெண்ணும் ஏமாற்றப்படும் பெண்ணும். முதற்பகுதியிற் பணிப்பெண்ணின் கண்ணாற் கண்ட நிகழ்ச்சிகளை இரண்டாம் பகுதியில் எசமானியின் கண்ணாற் காண்கிறோம். அறை அதுவே, ஆனால் கமரா நிற்கும் இடம் மாறியதும் யார் யாரை வேவு பார்க்கிறார் என்பதும் மாறிவிடுகிறது. ஒளிப்பதிவு இங்கே கதைசொல்லியின் பொறுப்பினை ஏற்கிறது.

அமெரிக்காவில் பார்க்குடன் செய்த 'ஸ்ரோக்கர்' (2013) இத்தன்மையை இழக்கவில்லை. தாயின் கூந்தலை மகள் வாரிவிட, அக்கூந்தல் இழையிழையாகப் புல்வெளியாக மாறி, தந்தையுடன் வேட்டைக்குச் சென்ற நினைவினுள் நம்மை இட்டுச் செல்கிறது. ஆனால் நெறியாளரும் ஒளிப்பதிவாளரும் பின்னர் பிரிந்து பணிபுரியலாயினர். 2022 இல் வெளிவந்த பார்க்கின் 'டிசிஷன் ரு லீவ்' படத்தை ஒளிப்பதிவு செய்தவர் கிம் ஜி-யோங்.

தனித்து நின்ற சுங்கின் படங்கள் ஒரே தரத்தன அல்ல. 'அன்சாட்டட்' (2022) படத்தில் பழங்காலக் கப்பல்கள் ஹெலிகொப்டர்களிற் தொங்கியவாறு வானிலே பறக்கின்றன. பார்வை எங்குமே தங்குவதில்லை. 'வொங்கா' (2023) கண்ணுக்கு இனியது, அவ்வளவே. தேர்ந்த வேறெவரும் அவற்றைச் செய்திருக்கலாம். கூலிக்கு உழைப்பவர் கிடைத்த வேலையை ஏற்றமைக்காக அவரைக் குறைகூறுவது நேர்மையன்று. அவ்வேலைகளைச் சாதனையென முழங்கும் விமர்சகரே குறைகூறத் தக்கவர். இடையில் வந்த 'லாஸ்ட் நைற் இன் சோஹோ' (2021) விதிவிலக்கு. அங்கே ஒரே நடனத்தினுள் இரு நடிகையர், கமராவின் நகர்வையும் தம் உடலசைவையும் இணைத்து, ஒருவர் இடத்தில் மற்றவராக மாறி மாறித் தோன்றுகின்றனர்.

'ஹெரட்டிக்' (2024) படத்திலே சுங் மீண்டும் தமது களத்துக்குத் திரும்புகிறார். மதம் பரப்ப வந்த இரு இளம்பெண்கள் ஒரு முதியவரின் வீட்டினுட் புகுகின்றனர்; கதவு பூட்டப்படுகிறது. படத்தின் பெரும்பகுதி வெறும் உரையாடல். முதியவர் வேடமேற்ற ஹியூ கிரான்ற் புன்னகை மாறாது பேசிக்கொண்டே இருக்க, அறைக்கு அறை வெளிச்சம் குறைந்து செல்கிறது. அவ்வீட்டின் விளக்குகள் குறித்த நேரத்தில் தாமாகவே அணைபவை. எந்த இருளில் எவர் முகம் எவ்வளவு தெரியவேண்டும் என்பதை மட்டுமே கொண்டு, ஆயுதம் எதுவும் வெளிப்படுமுன்னரே, சுங் அச்சத்தை உண்டாக்கிவிடுகிறார்.