மொழிமாறிய ‘ஜவான்’: டப்பிங் படமும் இடமிழந்த துயரமும்

இந்திப் படங்கள் தமிழ்க் குரலில் நம்மிடம் வருவது புதிதன்று. மெஹ்பூப் கான் 1952இல் நெறிப்படுத்திய ‘ஆன்’ தமிழாக்கப்பட்டபோது அதன் பாடல்களை எழுதியவர் சோஷலிசச் சார்புடைய கவிஞரான கம்பதாசன். குடியானவ இளைஞன் ஒருவன் செருக்குமிக்க இளவரசியை வாளாலும் காதலாலும் வசப்படுத்தும் அக்கதை, சமஸ்தானங்கள் இந்திய ஒன்றியத்துடன் இணைக்கப்பட்டுச் சில ஆண்டுகளே கழிந்திருந்த காலத்துக் கற்பனை. மெஹ்பூப்பின் பட நிறுவனச் சின்னத்தில் அரிவாளும் சுத்தியலும் இருந்தன; விதியின் வலிமையைக் கூறும் உருது அடிகளும் அதனுடன் ஒலித்தன. மூலத்தில் ‘ஆன்’ என்பது மானத்தையும் பெருமிதத்தையும் குறிக்கும் சொல். தமிழ்ச் செவியில் அது ‘ஆண்’ என்றே விழும். நிலவுடைமைக் குலத்தின் மானம் பற்றிய கதை, பெண்ணை அடக்கும் ஆண்மையின் கதையாக ஒலிப்பதற்கு இச்சிறு ஒலிமயக்கமே போதுமானதாயிற்று.

கா. சிவத்தம்பி தமிழ்ச் சினிமாவை அரசியல் தொடர்பு ஊடகமாக ஆராய்ந்து வழிகாட்டிய பின்னரும், மொழிமாற்றுப் படங்கள் நம் ஆய்வுகளில் அரிதாகவே இடம்பெறுகின்றன. அவை பிறருடையவை, தரங்குறைந்தவை என்ற எண்ணம் இதற்குக் காரணமாகலாம். ஆயினும் பெருந்தொகையான மக்கள் கண்டு கைதட்டும் ஒன்றைத் தரமற்றது என்று ஒதுக்கிவிடுவது இரசனைச் செருக்கேயன்றி விமர்சனமாகாது.

2023 செப்டெம்பர் 7ஆம் திகதி இந்தி, தமிழ், தெலுங்கு ஆகிய மும்மொழிகளிலும் ஒருங்கே வெளியான ‘ஜவான்’ இவ்வகையில் ஆராயத்தக்கது. முன்னர் மொழிமாற்றம் என்பது ஒரு படத்தின் இரண்டாம் விற்பனை. இன்றோ மும்மொழிச் சந்தையும் தயாரிப்பின் தொடக்கத்திலேயே கணக்கில் கொள்ளப்படுகிறது. இதன் நெறியாளர் அட்லி தமிழ்ப் படவுலகில் உருவானவர். தந்தை, மகன் என இரு வேடங்களில் தோன்றும் நாயகன், அநீதியின் கதையை விரிக்கும் பின்னோக்குக் காட்சிகள், தனியொருவனின் தண்டனை ஆகியன ‘மெர்சல்’ (2017) கண்டோர் அறிந்தவையே. தமிழ் வணிகச் சினிமாவின் வாய்பாடு வடக்கே சென்று ஷாருக் கானின் உருவெடுத்து, மீண்டும் நம்மிடமே ‘மொழிபெயர்ப்பாக’ விற்கப்படுகிறது.

இந்தியும் தமிழும் வினைமுற்றை வாக்கிய இறுதியில் வைக்கும் மொழிகள். எனவே உதடும் ஒலியும் முரணும் இடங்கள் ஆங்கிலப் படங்களின் மொழிமாற்றத்தை விடக் குறைவாகவே தென்படுகின்றன. குறை வேறோரிடத்தில் உள்ளது. கடனாளியான விவசாயியும் சிறைப் பெண்களும் படை அதிகாரியும் அமைச்சரும் ஏறத்தாழ ஒரே பொதுத் தமிழிலேயே பேசுகின்றனர். வட்டாரமும் வர்க்கமும் பேச்சினின்று களையப்பட்டுள்ளன. விதிவிலக்காக நிற்பவர் ஒருவரே. ஆயுத வணிகன் காளியாக நடித்த விஜய் சேதுபதி தமிழில் தம் சொந்தக் குரலிலேயே பேசுகிறார். இதனால் ஒரு முரண்நகை விளைகிறது: படத்தில் மண்வாசனையுள்ள மொழி பேசுபவன் முதலாளி மட்டுமே! அவன் வாய் திறக்கும்போதெல்லாம் படமாளிகையில் நாம் கேட்ட சிரிப்பு அந்த உயிர்ப்பைக் கண்டுகொண்ட சிரிப்பு. அதில் இரசிகர்மீது குற்றம் காண்பதற்கில்லை.

கதையின் கரு பொய்யன்று. உழவு இயந்திரத்துக்குப் பெற்ற சிறு கடனுக்காக விவசாயி அவமதிக்கப்பட்டுத் தூக்கிட்டுக்கொள்ள, பெருமுதலாளியின் கடன் கோடிக்கணக்கில் தள்ளுபடியாகிறது. ஆடம்பரக் காருக்கு விதிக்கப்படும் வட்டி உழவு இயந்திரத்துக்குரிய வட்டியிலும் குறைவு என்று நாயகன் எடுத்துக்காட்டும் இடம், அரசியற் பொருளாதாரத்தின் ஓர் உண்மையைப் பாமர மொழியில் தெளிவாக்குகிறது. பல கட்டுரைகள் செய்யத் தவறியதை இக்காட்சி செய்கிறது என்பதை நாம் ஒப்புக்கொள்ளவே வேண்டும். எனினும் தீர்வு எவ்வாறு வருகிறது? நாயகனும் ஆறு பெண்களும் மெட்ரோ ரயிலைக் கைப்பற்ற, முதலாளி 40,000 கோடி ரூபாவைக் கொடுக்க, அது விவசாயிகளின் வங்கிக் கணக்கில் சேர்கிறது. 2020 நவம்பர் முதல் ஓராண்டுக்கும் மேலாக, டெல்லியின் சிங்கு, திக்ரி எல்லைகளில் பனியிலும் வெயிலிலும் அமர்ந்திருந்து, 2021 நவம்பர் 19ஆம் திகதி மூன்று வேளாண் சட்டங்களை மீளப் பெறுவதாக இந்தியப் பிரதமரை அறிவிக்கச் செய்தவர்களும் விவசாயிகளே. அதன்பின் இரண்டாண்டு நிறையுமுன் வெளிவந்த இப்படத்தில், விவசாயி கயிற்றில் தொங்கும் பிணமாகவோ பணம் வந்ததைக் கண்டு அழுபவனாகவோ மட்டுமே வருகிறான். அவனுக்குச் சங்கமில்லை, தோழனுமில்லை.

மருத்துவமனைக் காட்சிகளும் அத்தகையனவே. கோரக்பூர் அரச மருத்துவமனையில் 2017 ஆகஸ்டில் ஒட்சிசன் வழங்கல் தடைப்பட்ட நாட்களில் குழந்தைகள் மாண்ட நிகழ்வை அறிந்தோர் அச்சாயலை உடனே இனங்காண்பர். தமிழ்க் குரலிலோ அது எங்கோ நிகழ்ந்த பொதுத் துயரமாகிவிடுகிறது. இடம் அழிகையில் அவ்விடத்தில் ஆட்சி செய்தவர் யார் என்ற கேள்வியும் அழிந்துவிடுகிறது.

தலைப்பு மட்டும் மொழிபெயர்க்கப்படவில்லை. லால் பகதூர் சாஸ்திரி 1965இல் தந்த முழக்கத்தில் ஜவானும் கிசானும், அதாவது போர்வீரனும் உழவனும், இணையாக நின்றனர். படம் ஜவானை மட்டும் எடுத்துக்கொண்டது. ஈழத்துத் தமிழ் வாசகருக்கு இச்சொல் வேறு வகையிலும் பழக்கமானது. 1987 முதல் 1990 வரை இந்தியப் படை வடக்கு-கிழக்கில் நிலைகொண்டிருந்த காலத்துச் செய்தித்தாள்களில் நாம் கண்ட சொல் அது. 1987 ஒக்ரோபர் 21ஆம் திகதி அப்படையினர் யாழ்ப்பாண மருத்துவமனைக்குள் புகுந்து நோயாளரையும் வைத்தியரையும் தாதியரையும் ஊழியரையும் சுட்டுக் கொன்றனர். படைவீரனின் மகன் மருத்துவமனைகளைக் காக்க வரும் காட்சியை இத்தலைப்பின் கீழ் நம்மவர் பார்க்கையில், திரையிலில்லாத இந்நினைவும் உடன் வருகிறது. படைக்குள் நிகழும் ஊழலைக் காட்டும் கதை, படை பிறருக்கு இழைத்ததைக் காட்டாது.

காதற் பகுதி பற்றி அதிகம் கூறுவதற்கில்லை. தந்தையைத் தேடும் சிறுமிக்காக நிகழும் திருமணம் சண்டைகளுக்கிடையே இரசிகரை இளைப்பாற வைக்கிறது. அனிருத்தின் இசை அதற்கு உதவுகிறது.

இறுதியில் நாயகன் மக்களை நேர்முகமாக விளித்துப் பேசுகிறான். சில மணி நேரம் எரியும் நுளம்புச்சுருளை வாங்குகையில் எத்தனையோ கேள்வி கேட்கும் நீங்கள், ஐந்தாண்டுக்கு அரசைத் தெரிவு செய்கையில் ஏன் கேட்பதில்லை என்பது அவன் வாதம். எமதருகிலிருந்தோர் இதற்கே மிகுதியாகக் கைதட்டினர். அவ்வுவமையில் மக்கள் யாராக நிற்கின்றனர் என்பது கவனத்துக்குரியது: கடை வாசலில் தனித்தனியே நின்று பொருளின் தரம் விசாரிக்கும் நுகர்வோராகவே நிற்கின்றனர். கடை யாருடையது என்பது அங்கே கேட்கப்படவில்லை. ஆயிரம் கோடி ரூபாவுக்கு மேல் வசூலித்த படம் அதனைக் கேட்கும் என நாமும் எதிர்பார்த்துச் செல்லவில்லை.