உடைக்கப்பட்ட பூட்டு

தொடர்ச்சிப் படம் மூலப் படத்தை மிஞ்சுமா என்று யாராவது கேட்டால் போதும், 'டெர்மினேட்டர் 2' என்று பதில் வந்துவிடும். 1984இல் தான் எடுத்த படத்தை ஜேம்ஸ் கேமரூன் 1991இல் தானே தூக்கிச் சாப்பிட்டுவிட்டார் என்பது ரசிகர்களின் தீர்ப்பு. அதில் பாதிதான் சரி.

அந்தப் பாதியை முதலில் கொடுத்துவிடலாம். எதிர்காலத்திலிருந்து ரோபாட் ஏன் வந்தது என்று விளக்கும் சுமை இரண்டாவது படத்துக்கு இல்லை. ராபர்ட் பேட்ரிக்கின் திரவ உலோக வில்லன் மருத்துவமனைக் கம்பிக் கதவுக்குள் புகுந்து வெளியே வருகிறான். உடம்பு வந்துவிட்டது, கைத்துப்பாக்கி மட்டும் கம்பியில் தட்டி நிற்கிறது. வாங்கிய நான்கு ஆஸ்காரில் ஒன்றை இந்தத் தட்டலுக்கே தரலாம்.

ஆனால் கதை?

முதல் படத்தின் உயிர் ஒரு புகைப்படத்தில் இருக்கிறது. எதிர்காலத்திலிருந்து வரும் கைல் ரீஸ், தான் காப்பாற்ற வந்த சாராவைப் புகைப்படத்தில் பார்த்தே காதலித்தவன். அந்த முகத்தில் ஏன் அத்தனை சோகம் என்பது அவனுக்குப் புரிந்ததில்லை. கடைசிக் காட்சியில் ஒரு பெட்ரோல் பங்கில் சிறுவன் ஒருவன் கேமராவைச் சொடுக்குகிறான். வயிற்றில் ரீஸின் பிள்ளையோடு, செத்துப்போன ரீஸை நினைத்து உட்கார்ந்திருக்கிறாள் சாரா. வட்டம் பூட்டிக்கொள்கிறது. சுமார் 64 லட்சம் டாலரில் முடிந்த காரியம் இது.

சுமார் 10 கோடி டாலரில் வந்த இரண்டாவது படம் அந்தப் பூட்டை உடைக்கிறது. ஆய்வகத்தைத் தகர்த்து, ரோபாட்டின் சிப்பை உருக்கில் போட்டால், மனிதர்கள் மீது போர் தொடுக்கும் ஸ்கைநெட் என்ற கணினி பிறக்காதாம். பிறக்காவிட்டால் போர் இல்லை. போர் இல்லாவிட்டால் ரீஸ் வரமாட்டான். அப்படியானால் உலைக்கு முன்னால் அழுதுகொண்டு நிற்கும் சாராவின் மகன் ஜான் யார் பிள்ளை? படம் கட்டைவிரலை உயர்த்திக் காட்டுகிறது, அரங்கம் கண்ணைத் துடைத்துக்கொள்கிறது, கேள்வி உருக்கோடு கரைந்துபோகிறது. போர் நடக்காத எதிர்காலத்தில் முதிய சாரா பூங்காவில் உட்கார்ந்திருக்கும் முடிவைப் படமாக்கிவிட்டு, அதை வெட்டி, இருண்ட நெடுஞ்சாலையை வைத்தார் கேமரூன். அவருக்கே உறுத்தியிருக்க வேண்டும்.

பூட்டு உடைந்த வீட்டில் பிறகு யார்தான் நுழையவில்லை? 2003இல் வந்த தொடர்ச்சியில் ஒரு கணக்கு, 2015இல் வந்ததில் வேறொரு கணக்கு. 2019இல் 'டார்க் ஃபேட்', எந்தப் பையனைக் காப்பாற்ற அத்தனை பாடுபட்டார்களோ அந்த ஜானையே தொடங்கிய சில நிமிடங்களில் சுட்டுத் தள்ளியது. அதன் கதை எழுதியவர்களில் ஒருவர் கேமரூன்.