தன் கைக்கு அளந்து செய்த கிளைடர்: எச்.பி.-18

அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் பிரையன் என்றொரு சிற்றூர். அங்கிருந்துகொண்டு ரிச்சர்ட் ஷ்ரெடர் கிளைடர்களை உதிரிப் பாகங்களாகவும் வரைபடங்களாகவும் விற்றார். வாங்கியவர்கள் அவற்றைத் தங்கள் கார் கொட்டகையில் வைத்து மாதக்கணக்கில் பூட்டிச் சேர்த்துப் பறந்தார்கள். அந்த வரிசையில் 1970களின் நடுவில் வந்த ஒற்றை இருக்கைக் கிளைடர்தான் எச்.பி.-18. இறக்கை நீளம் 15 மீட்டர்.

ஷ்ரெடர் சாதாரண ஆள் இல்லை. 1942 ஜூனில் பெர்முடா அருகே யு-158 என்ற ஜெர்மன் நீர்மூழ்கியை மூழ்கடித்த கடற்படை விமானி. அவர் போட்ட குண்டு அதன் மேல்தளத்தில் சிக்கிக்கொள்ள, அதையும் சுமந்தபடியே நீர்மூழ்கி உள்ளே இறங்கி வெடித்தது. பிறகு 1958, 1960, 1966 என மூன்று முறை, தானே வடிவமைத்த கிளைடர்களில் அமெரிக்கச் சாம்பியன். எச்.பி.-18இன் நிறை, குறை இரண்டுக்கும் வேர் அந்தக் கைத்திறனில்தான் இருக்கிறது.

முதலில் நிறை. அந்தக் காலத்தில் போட்டிகளை ஆண்டவை ஜெர்மனியின் கண்ணாடியிழைக் கிளைடர்கள். அவற்றுக்குப் பெரிய அச்சுகள் வேண்டும். வீட்டில் ஒரே ஒரு கிளைடர் செய்பவருக்கு அது கட்டுப்படியாகாது. அலுமினியத் தகட்டுக்கு அச்சு தேவையில்லை. ஆனால் மெல்லிய தகடு விலாச் சட்டங்களுக்கு இடையே நெளியும். நெளிந்தால் இறக்கைமேல் வழுக்கியோடும் காற்று கலைந்துவிடும். ஷ்ரெடர் விலாக்களை நுரைப் பலகையில் வெட்டவைத்து, சுமார் 10 செ.மீ.க்கு ஒன்றாக நெருக்கி, தகட்டை எப்பாக்சிப் பசையால் ஒட்டச் சொன்னார். நுரையை அறுக்க யாராலும் முடியும். புதிதாகச் செய்பவரின் விரல்களை இவ்வளவு கரிசனத்தோடு எண்ணிப்பார்த்த வடிவமைப்பாளர்கள் குறைவு. பசையில் ஒரு வில்லங்கம் உண்டு, அதையும் சொல்ல வேண்டும்: ரிவெட் ஆணி சரியாக இறங்காவிட்டால் கண்ணுக்குத் தெரியும், எண்ணெய்ப் பிசுக்கோடு ஒட்டிய இடம் வெளியே தெரியாது.

செய்பவருக்குக் காட்டிய இந்தக் கரிசனம் ஓட்டுபவரிடம் வரும்போது காணாமல் போகிறது. இறங்கும்போது வேகத்தை அடக்க பெரும்பாலான மற்ற கிளைடர்களில் இறக்கைமேல் எழும்பும் ஸ்பாய்லர் இருக்கும். ஷ்ரெடர் அதை விட்டுவிட்டு, இறக்கையின் பின்விளிம்பு ஃபிளாப்பையே 90 பாகை வரை கீழே மடக்கினார். கைதேர்ந்தவருக்கு இது வரம். மூக்கை நன்றாகக் கவிழ்த்தாலும் வேகம் அவ்வளவாக ஏறாது. மரங்களுக்குப் பின்னால் இருக்கும் குட்டி வயலிலும் இறங்கலாம். ஆனால் வயல் எட்டாது போலிருந்தால்? ஸ்பாய்லரை மூடினால் கிளைடர் உடனே நீளப் பறக்கும். கீழே மடக்கிய ஃபிளாப்பை மேலே உயர்த்தினாலோ தூக்குவிசையும் சேர்ந்து போய், முதலில் கீழே அமிழும். தரைக்கு அருகில் அந்த அமிழ்வுக்கு இடமில்லை. மூக்கை நிமிர்த்திய நொடியில் வேகமும் கரைந்துவிடும். ஸ்பாய்லரில் பழகிய கை இங்கே தப்பாகத்தான் போகும்.

‘வி’ வடிவ வாலிலும் இதே கதை. மூன்று பரப்புக்குப் பதில் இரண்டு என்பதால் வேலை மிச்சம். வயலில் இறங்கினால் பயிரில் உரசாது. ஆனால் வேகம் குறைந்த நேரத்தில், பக்கக்காற்றில், மூக்கைத் திருப்ப அதற்கு வலு போதாது. உடற்பகுதியை ஒல்லியாக்க விமானியைச் சாய்த்துப் படுக்கவைத்ததில் கிளைடரை ஓட்டும் ஸ்டிக்குக்குக் கால்நடுவே இடமில்லாமல் போயிற்று. அது பக்கவாட்டுக்குப் போனது. இதை மட்டும் என்னால் நியாயப்படுத்த முடியவில்லை. காற்றுத்தடையைக் கொஞ்சம் குறைக்க நெம்புவலுவைத் துறந்த பேரம் அது.

பலரும் அப்படித்தான் நினைத்திருக்க வேண்டும். சிலர் ஸ்டிக்கை நடுவுக்கே கொண்டுவந்தார்கள். சிலர் வாலையே மாற்றினார்கள். அதனால் ஒரு எச்.பி.-18 போல இன்னொன்று இருக்காது. பழையது ஒன்றை விலைபேசப் போகிறவர், விலைக்கு முன்னால் அதை ஒட்டியவர் யார், ஸ்டிக் எங்கே இருக்கிறது என்றுதான் விசாரிக்க வேண்டியிருக்கிறது.