மஞ்சுவும் கெய்க்கோவும்: கதை யார் குரலில்?

சி. ருத்ரய்யா இயக்கி 1978 தீபாவளிக்கு வெளியான 'அவள் அப்படித்தான்', பெண்ணின் தன்னடையாளத்தை, அதாவது மகள், காதலி, மனைவி என்னும் உறவுப் பெயர்களுக்கு அப்பால் அவள் தன்னை யாராக உணர்கிறாள் என்பதை மையமாகக் கொண்ட தமிழ்ப் படங்களுள் முன்வரிசையில் நிற்பது. விளம்பர நிறுவனத்தில் பணிபுரியும் மஞ்சு (ஸ்ரீப்ரியா), பெண்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்க வந்த அருணிடம் (கமல்ஹாசன்) தன் கடந்தகாலத்தைச் சிறிது சிறிதாகச் சொல்கிறாள். பெண்ணின் வாழ்வை ஆண் கேட்டு அறியும் இந்த எடுத்துரைப்பு முறையிலேயே படத்தின் வலிமையும் குறையும் ஒருங்கே அடங்கியுள்ளன.

கேட்பவனையே சோதனைக்கு உள்ளாக்குவது இம்முறையின் வலிமை. பெண்ணை இழிவாகப் பேசும் தியாகுவைப் (ரஜினிகாந்த்) பார்வையாளர் எளிதில் ஒதுக்கிவிடலாம். பரிவோடு செவிகொடுக்கும் அருணும் கடைசியில் வேறொரு பெண்ணை மணந்து வருவதை அவ்வாறு ஒதுக்க முடியாது. இறுதிக் காட்சியில் காருக்குள் அமர்ந்து, பெண் விடுதலை பற்றி என்ன நினைக்கிறாய் என்று மஞ்சு அந்தப் புதுமணப்பெண்ணைக் கேட்க, அவள் தெரியாது என்கிறாள். அதனால்தான் நீ மகிழ்ச்சியாக இருக்கிறாய் என்று மஞ்சு சொல்லும் மறுமொழி, வசனம் மிகுந்த இப்படத்தில் நீண்ட வாதங்கள் எவையும் எட்டாத கூர்மையை எட்டிவிடுகிறது.

ஆயினும் மஞ்சு பெரும்பாலும் ஆண்கள் விளக்கம் தேடும் புதிராகவே எஞ்சுகிறாள். மிகியோ நருசேயின் ஜப்பானியப் படமான 'ஒரு பெண் மாடிப்படி ஏறும்போது' (1960) இங்கே ஒப்பிடத்தக்கது: டோக்கியோவின் கின்சா பகுதியில் மதுக்கூடம் நடத்தும் கைம்பெண் கெய்க்கோவின் (ஹிடெகோ டகாமினே) கதை, அவளது பின்னணிக் குரலிலேயே, அதாவது திரைக்கு வெளியிலிருந்து ஒலிக்கும் தன்னுரையாகவே சொல்லப்படுகிறது. அப்படத்தை எழுதியவரும் ஆணே என்பதால், பெண் குரல் என்னும் உரிமைகோரலை அளவோடுதான் ஏற்க வேண்டும். இருந்தும் வாடிக்கையாளர் வைத்த பாக்கி, பணம் கேட்டு வரும் குடும்பம், விலையுயர்ந்த கிமோனோ என்று அவளைக் கட்டிப்போடும் கணக்கை நருசே விடாமல் காட்டுகிறார். மஞ்சுவின் காயங்களோ தாயின் நடத்தையிலும் ஆண்களின் துரோகத்திலும் மட்டுமே வேர்கொண்டிருப்பதால், சமூகம் என்பது சில தனிமனிதர்களின் குற்றமாகச் சுருங்கிவிடுகிறது. அது தமிழ்ப் படத்தின் பெருங்குறை.

இந்த ஒப்பீட்டைப் பார்வையாளர்களே செய்துபார்க்கவும் இடமுண்டு: குயிலாப்பாளையம் கிராமத்தை ஒட்டிய ஆரோவில்லில் உலகப் படங்களைத் திரையிடும் வழக்கம் உண்டு. இவ்விரு படங்களையும் அங்கு அடுத்தடுத்துத் திரையிடுவதோடு, ஜப்பானியப் படத்துக்குத் தமிழ்த் துணைத்தலைப்பும் சேர்ப்பார்களானால், சுற்றூர்ப் பெண்களும் இந்த விவாதத்தில் பங்கேற்க வழி பிறக்கும்.