சுண்டிய பாலும் தானே கறக்க வரும் மாடும்

ஜப்பான் என்றதும் பச்சைத் தேநீரும் மீனும்தான் நினைவுக்கு வரும். பாலின் அருமையையும் அந்த நாடு வெகுகாலமாக அறிந்திருக்கிறது. 927இல் தொகுத்து முடிக்கப்பட்ட 'எங்கிஷிகி' என்ற சட்டத் தொகுப்பு, 'சோ' என்ற பால்பண்டத்துக்கு அளவு சொல்கிறது: பத்துப் பங்கு பாலைச் சுண்டக் காய்ச்சி ஒரு பங்காக்க வேண்டும். நம் திரட்டுப்பால் போன்ற பக்குவம்தான், இனிப்பு மட்டும் கிடையாது. மாகாணங்கள் அதை அரண்மனைக்குத் திறையாக அனுப்பின. 1728இல் நாட்டை ஆண்ட ஷோகுன் யோஷிமுனே மூன்று வெள்ளை மாடுகளை வரவழைத்து, இன்றைய சிபா பகுதியில் உள்ள மினெயோகா பண்ணையில் வளர்த்தார். பாலில் சர்க்கரை சேர்த்துக் கிளறி இறுக்கிய கட்டி அங்கே மருந்தானது.

இன்று நாட்டின் பாலில் பாதிக்கு மேல் வடக்குத் தீவான ஹொக்கைடோவில் கறக்கிறார்கள். அங்கே ரோபோ வைத்த கொட்டிலில் மாடு தனக்குத் தோன்றும்போது கறவைக்கு வரும். இயந்திரம் அதை அடையாளம் கண்டு தீவனம் போடும், காம்புகளைக் கழுவும், ஒவ்வொன்றாகத் தேடிக் குவளையைப் பொருத்தும். ஒரு காம்பில் பால் நின்றதும் அந்தக் குவளை மட்டும் கழன்றுவிடும்.

அன்று அடுப்படியில் காட்டிய அதே பொறுமையை இன்று கொட்டிலில் காட்டுகிறார்கள். பாலை மதிக்கத் தெரிந்தவர்களின் தொழில் இது.