தொப்புள் நூலும் பாறைகளின் சாட்சியமும்

1857-ம் ஆண்டில் பிரிட்டனில் வெளிவந்த இரண்டு நூல்களை அருகருகே வைத்து நோக்குவது இக்கட்டுரையின் கருத்து. ஒன்று பிலிப் ஹென்றி காஸ் இயற்றிய “ஓம்ஃபலோஸ்”. தொப்புள் என்பது இக்கிரேக்கச் சொல்லின் பொருள். மற்றொன்று ஹியூ மில்லர் இயற்றிய “பாறைகளின் சாட்சியம்”. இருவரும் பக்தியிற் சிறந்த கிறிஸ்தவர். இருவரும் இயற்கையைத் தம் கண்ணாற் கண்டு எழுதியவர். பூகர்ப்ப சாஸ்திரம் கூறும் உலகத்தின் முதுமையை, ஆதியாகமம் கூறும் ஆறு நாட் சிருஷ்டியோடு பொருத்திக் காட்டவே இருவரும் பேனா பிடித்தனர். இருவரும் தோற்றனர். ஆயினும் இருவர் தோல்வியும் ஒரு தன்மையதன்று. மில்லரின் தோல்வி மதிக்கத்தக்கது. காஸின் தோல்வி நகைக்கத்தக்கது என்பர் பலர். நான் அதனை அஞ்சத்தக்கது என்பேன்.

வழக்கு எங்கிருந்து வந்தது என்பதை முதலிற் சொல்லிவிட வேண்டும். உலகம் கி. மு. 4004-ம் ஆண்டில் படைக்கப்பட்டது என்று பைபிளில் ஓரிடத்திலும் எழுதப்படவில்லை. அயர்லாந்தின் தலைமை அத்தியட்சராயிருந்த ஜேம்ஸ் அஷர், வேதத்திலுள்ள வமிச வரலாறுகளையும் அரசர் காலங்களையும் கூட்டிக் கணக்கிட்டு 1650-ல் வெளியிட்ட முடிவு அது. 1701 முதல் இங்கிலீஷ் பைபிளின் ஓரங்களில் இவ்வாண்டுக் கணக்கு அச்சிடப்படவே, ஓரத்தில் நின்ற மனிதன் கணக்கு நடுவிலுள்ள தேவ வாக்கின் மதிப்பைப் பெற்றுவிட்டது. உரையாசிரியன் கூற்று மூலமாகிவிடும் கதை நம் சமயங்களிலும் உண்டன்றோ!

1788-ல் ஜேம்ஸ் ஹட்டன் என்பவர் நண்பர் இருவரோடு தோணியேறி ஸ்காட்லாந்துக் கரையிலுள்ள சிக்கார் முனையை அடைந்தார். அங்கே பழைய பாறை அடுக்குகள் செங்குத்தாய் நின்றன. அவற்றின் தலை தேய்ந்து, அத்தேய்வின் மேல் சிவந்த மணற்கல் சற்றே சாய்ந்து படிந்திருந்தது. கடலடியில் மண் படிந்து, கல்லாய் இறுகி, நிமிர்ந்து, தேய்ந்து, மறுபடியும் அதன்மேல் மண் படிந்து, அதுவும் கல்லாவதற்கு ஆறாயிரம் ஆண்டு போதுமோ? அன்று எழுந்த இக்கேள்வி பிறகு அடங்கவேயில்லை.

இவ்விடத்தில் நம் சீர்திருத்த நண்பர் சிலர், பாதிரிமார் யாவரும் ஒருபுறம் நின்று வேதத்தைக் காத்தனர், சாஸ்திரிகள் யாவரும் மறுபுறம் நின்று கல்லைக் காட்டினர் என்று எண்ணுகின்றனர். வரலாறு அப்படியன்று. ஆக்ஸ்போர்டு சர்வகலாசாலையில் பூகர்ப்ப சாஸ்திரம் போதித்த வில்லியம் பக்லாந்து பட்டம் பெற்ற பாதிரியார். யார்க்ஷயரில் கர்க்டேல் என்னுமிடத்தில் 1821-ல் வெளிப்பட்ட குகையில் யானை, காண்டாமிருகம், நீர்யானை இவற்றின் எலும்புகள் கிடந்தன. பிரளயம் அவற்றை வெப்ப நாடுகளிலிருந்து அடித்து வந்தது என்று சொல்லிவிடுதல் எளிது. பக்லாந்தோ எலும்புகளிலே பற்குறிகளைக் கண்டார்; உயிருள்ள கழுதைப்புலி ஒன்றுக்கு மாட்டெலும்பு கொடுத்து, அது கடித்துப் போட்ட மிச்சத்தைக் குகையெலும்போடு ஒப்பிட்டார்; அக்குகை நெடுங்காலம் கழுதைப்புலிகள் வாழ்ந்த வளை என்று முடிவு கண்டார். எலும்பின் மேற்படிந்த சேற்றை மட்டும் நோவாவின் பிரளயத்துக்குச் சான்றாக 1823-ல் எழுதினார். 1836-ல் அதனையும் கைவிட்டார். கேம்பிரிட்ஜில் அச்சாஸ்திரம் போதித்த ஆடம் செட்ஜ்விக் என்னும் மற்றொரு பாதிரியார், 1831-ல் லண்டன் பூகர்ப்ப சங்கத்தின் தலைமைப் பீடத்திலிருந்தே, பிரளயத்தைப் பற்றித் தாம் முன்பு கொண்டிருந்த கருத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். டார்வின் நூல் 1859-ல் வெளிவருதற்கு நெடுநாள் முன்பே இவையெல்லாம் நிகழ்ந்தன என்பது நினைவில் இருக்கட்டும்.

இனிக் காஸின் நூலுக்கு வருவோம். காஸ் அறியாதவரல்லர். கடலுயிர்களைக் கண்ணாடித் தொட்டியில் வளர்க்கும் வழக்கத்தை இங்கிலாந்தில் பரப்பியவர். ராயல் சொசைட்டியில் 1856-ல் உறுப்பினரானவர். அவர் வாதம் இது. உயிர்கள் யாவும் ஒரு வட்டத்தில் சுழல்வன. விதையிலிருந்து மரம், மரத்திலிருந்து விதை. முட்டையிலிருந்து கோழி, கோழியிலிருந்து முட்டை. சிருஷ்டி என்பது இவ்வட்டத்தின் ஏதோ ஓரிடத்தில் திடீரென்று புகுவதாகும். எவ்விடத்திற் புகுந்தாலும், அதற்கு முன் நிகழாத ஒரு காலத்தின் அடையாளம் அப்பொருளில் இருந்தே தீரும். அன்று படைத்த மரத்திலும் ஆண்டு வளையங்கள் இருக்கும். தாய் வயிற்றிற் பிறவாத ஆதாமுக்கும் தொப்புள் இருக்கும். அவ்வாறே அன்று படைத்த பூமியிலும், ஒருபோதும் உயிர்வாழாத பிராணிகளின் எலும்பு கல்லாய்ச் சமைந்து கிடக்கும்!

பூகர்ப்ப சாஸ்திரிகளைச் சோதித்து அவிசுவாசத்தில் வீழ்த்தவே கடவுள் பாறைக்குள் எலும்புகளை ஒளித்து வைத்தார் என்பதே காஸின் கொள்கை என்று அந்நாளைப் பத்திரிகைகள் சுருக்கிக் கூறியதாக அவர் மகன் எட்மண்ட் காஸ் 1907-ல் எழுதினார். அச்சுருக்கம் நீதியற்றது. ஏமாற்றும் நோக்கம் கடவுளுக்கு உண்டென்று காஸ் யாண்டும் கூறவில்லை. அக்குற்றச்சாட்டு எழுமென்று முன்னறிந்து மறுக்கவும் செய்கிறார். ஒருவர் சொல்லாததை அவர் வாயில் வைத்து நகைப்பது விமர்சனமாகாது.

அவர் வாதத்தில் உண்மையான ஓட்டை வேறிடத்தில் இருக்கிறது. நாம் நாள்தோறும் காணும் ரப்பர் மரத்தைக் கொண்டு அதனை விளக்கலாம். வளர்ந்த ரப்பர் மரமொன்றை ஆண்டவன் ஒரு நொடியிற் படைத்தான் என்று கொள்வோம். அதற்குப் பட்டை வேண்டும், கிளை வேண்டும், உதிர்ந்த இலைக்காம்பின் தழும்பும் வேண்டும். அவையின்றி அது ரப்பர் மரமாகாது. இதுவரை காஸ் கூறுவது பொருந்தும். ஆனால் அம்மரத்தின் பட்டையிலே பால் வெட்டிய கோடுகளும் காணப்படின் என் செய்வது? வெட்டுக்கோடு மரத்தின் இயல்பன்று. ஒருவன் ஒரு விடியற்காலையில் கத்தியோடு அம்மரத்தடியில் நின்றான் என்பதற்கு அது சாட்சி. மரம் மரமாயிருக்க அக்கோடு வேண்டுவதில்லை. கர்க்டேல் எலும்பிலுள்ள பற்குறி இத்தகைய வெட்டுக்கோடு. எந்த வட்டமும் அதனைக் கேட்கவில்லை. காஸோ வளையத்தையும் வெட்டுக்கோட்டையும் ஒன்றாக்குகிறார். பிராணிகளின் சாணமும் கல்லாய்ச் சமைந்து கிடைக்கிறதே என்று கேட்பார்க்கு, அதுவும் அப்படியே படைக்கப்பட்டிருக்கலாம் என்று விடை கூற அவர் கூசவில்லை. நடவாத வியாபாரத்துக்கு ரசீதுகளும் கையொப்பமும் சேர்த்து வைத்த கணக்குப் புத்தகத்தை எந்த முதலாளியும் நேர்மையானதென்று ஏற்கமாட்டான்.

இதனை முதலில் உணர்ந்து வருந்தியவருள் ஒருவர் நாத்திகரல்லர். காஸின் நண்பரும் பாதிரியாரும் நாவலாசிரியருமான சார்லஸ் கிங்ஸ்லி. கடவுள் பாறைகளின் மேல் அவ்வளவு பெரியதும் வேண்டாததுமான ஒரு பொய்யை எழுதினார் என்று தம்மால் நம்ப இயலாதென்று அவர் காஸுக்குக் கடிதம் வரைந்தார். வேதத்தைக் காக்கப் புகுந்தவர் வேதத்துக்குரியவனையே பொய்ச்சாட்சிக்காரனாக்கி விட்டார் என்பது அதன் கருத்து. நூல் விலைபோகாமற் கிடந்தது.

மில்லர் கதை வேறு. ஸ்காட்லாந்தில் கிராமர்ட்டி என்னும் ஊரில் 1802-ல் பிறந்து, பதினேழாம் வயதில் கல்வெட்டுந் தொழிலிற் புகுந்தவர் அவர். உளியும் சம்மட்டியும் அவருக்குக் கலாசாலை. சிவந்த மணற்கல்லில் அவர் கண்டெடுத்த சிறகுடை மீன் ஒன்றுக்கு, அகாசிஸ் என்னும் பேராசிரியர் மில்லர் பெயரையே இட்டார். பின்னர்ப் பத்திராசிரியராகி, இங்கிலீஷ் வசனத்தில் கைதேர்ந்தார். 1856 டிசம்பரில், தலை நோயின் கொடுமையால் அறிவு கலங்கித் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். சமயத்துக்கும் சாஸ்திரத்துக்கும் நடுவில் அகப்பட்டு மாண்டாரென்று கதை கட்டுவோர் உளர். அதை நாம் ஏற்க வேண்டுவதில்லை. நூல் அவருக்குப்பின் வெளிவந்தது.

மில்லர் கல்லை வளைக்கவில்லை; சொல்லை வளைத்தார். சிருஷ்டி நாள் ஒவ்வொன்றும் ஒரு நெடும் யுகம். மோசே அவற்றைத் தரிசனமாகக் கண்டார். மூன்றாம் நாளின் செடி கொடிகளே நிலக்கரிக் காலம். ஐந்தாம் நாளின் கடற் பிராணிகளும் பறவைகளும் பெரும் ஊர்வனவற்றின் காலம். ஆறாம் நாள் பாலூட்டிகளின் காலம் என்றார். பிரளயம் ஒரு பகுதியை மட்டும் மூடியதென்றும் ஒப்புக்கொண்டார். புராணத்து யுகங்களை நம் பண்டிதர் நீட்டிச் சுருக்கும் வித்தை போன்றதே இது. அன்றியும் இதனை உடைக்க வெளியிலிருந்து எவரும் வரவேண்டியதில்லை. நிலக்கரிக்கு அடியிலுள்ள மணற்கல்லிலே மில்லர் தம் கையால் வெட்டியெடுத்த மீன்களே இதற்கு எதிர்ச்சாட்சி! மூன்றாம் நாளுக்கு முன்பே மீன்கள் நீந்தின. தரிசனத்தில் அந்தந்தக் காலத்தில் மேலோங்கி நின்றவை மட்டுமே தெரிந்தன என்று அவர் அமைதி கூறியது போதவில்லை.

ஆயினும் மில்லர் தம் கொள்கையைத் தோற்கடிக்கவல்ல மீனை மறைக்கவில்லை. படமெழுதி, அளந்து, வருணித்து நம் கையில் தருகிறார். காஸின் நூலைத் தோற்கடிக்க உலகில் ஒரு மீனும் இல்லை. எதைக் கொண்டு சென்றாலும் அதுவும் அப்படியே படைக்கப்பட்டது என்பார். 1956-ல் கிளேர் பேட்டர்சன் விண்கற்களிலுள்ள ஈயத்தை அளந்து பூமியின் வயது ஏறத்தாழ 455 கோடி ஆண்டு என்று காட்டினார். காஸ் இருந்திருந்தால், அந்த ஈயமும் அவ்வளவாகவே படைக்கப்பட்டது என்று சொல்லி அமர்ந்திருப்பார். இவ்வாதத்துக்கு நான் அஞ்சுவது இதனால்தான். உலகம் ஐந்து நிமிஷத்துக்கு முன்தான், நம் நினைவுகளோடு சேர்ந்தே தோன்றியது என்று ஒருவன் சொன்னால் மறுக்க வழியில்லை என்று பெர்ட்ரண்ட் ரஸ்ஸல் 1921-ல் எடுத்துக் காட்டியதும் இதன் உடன்பிறப்பே.

வாதம் செத்துவிடவுமில்லை. 1961-ல் அமெரிக்காவில் விட்காம், மாரிஸ் என்னும் இருவர், பாறை அடுக்குகளிற் பெரும்பாலானவற்றைப் பிரளயத்தின் தலையில் மறுபடியும் ஏற்றி ஒரு பெருநூல் எழுதினர். அதற்கு அடங்காத இடத்தில், உலகம் முதுமைத் தோற்றத்தோடே படைக்கப்பட்டது என்னும் காஸின் வழியையே நாடினர். பக்லாந்தும் செட்ஜ்விக்கும் கைவிட்ட பிரளயத்தை நூற்றாண்டு கடந்து மீட்டு வந்தவர்கள், அவ்விரு பாதிரிமாரும் எதனைக் கண்டு கைவிட்டனர் என்பதற்குத் தக்க விடை கூறவில்லை.

காஸ் பின்னர்க் கடலுக்கே திரும்பினார். கடற்சாமந்திகளைப் பற்றி 1858 முதல் 1860 வரை அவர் பகுதி பகுதியாக வெளியிட்ட நூல், கூர்த்த பார்வைக்கும் வண்ணப் படங்களுக்கும் பேர்பெற்றது. இந்நூல்கள் யாவற்றுக்கும் பதிப்புரிமைக் காலம் கடந்துவிட்டதால் எவரும் தடையின்றிப் பெறலாம். இங்கிலீஷ் பயின்ற வாசகர் மில்லரை முதலில் எடுப்பாராக. மீன்களைப் பற்றிய பகுதிகளை அவசரமின்றிப் படிப்பாராக. “ஓம்ஃபலோஸ்” படிக்க விரும்புவோர் அதன் பின்னரே அதனைத் திறக்கட்டும்.